முப்பது மதிப்பெண்ணுக்குள் அடைபட்ட குழந்தை உளவியல்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பின்படி, ஓய்வு பெற ஐந்தாண்டுகளுக்கு மேல் உள்ள பணியிடை ஆசிரியர்கள் இரண்டு ஆண்டுகளுக்குள் ஆசிரியர் தகுதித் தேர்வில் தேர்ச்சி பெற்றாக வேண்டும். அந்தத் தீர்ப்பின் நியாயம் பற்றிப் பலரும் எழுதிவிட்டார்கள்; அதற்குள் நான் நுழையப் போவதில்லை. 1988 முதல் 2022 வரை ஊராட்சி ஒன்றியத் தொடக்கப் பள்ளிகளில் பணியாற்றி ஓய்வு பெற்றவள் என்ற முறையில், அந்தத் தேர்வின் ஒரு பகுதியைப் பற்றி மட்டும், அதாவது முதல் தாளின் 150 வினாக்களில் 30 வினாக்களைக் கொண்ட குழந்தை மேம்பாடும் கற்பித்தல் முறைகளும் என்னும் பகுதியைப் பற்றி மட்டும், சில சொல்ல விரும்புகிறேன்.

என்னோடு ஒரே பள்ளியில் ஏழு ஆண்டுகள் வேலை செய்த இளைய ஆசிரியை ஒருவர் இப்போது இந்தத் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருக்கிறார். பகலெல்லாம் ஒன்றாம், இரண்டாம் வகுப்புக் குழந்தைகளோடு இருந்துவிட்டு, வீட்டு வேலைகளை முடித்து, இரவு பத்து மணிக்கு மேல் வழிகாட்டி நூலை விரித்து, குழந்தையின் சிந்தனை வளர்ச்சியை ஆராய்ந்த உளவியலாளர் பியாஜேயின் நான்கு வளர்ச்சி நிலைகளையும் அவற்றுக்கான வயதுகளையும் மனப்பாடம் செய்கிறார். கற்றலை விலங்குகளிடம் சோதித்த உளவியலாளர்களில் பாவ்லவுக்கு நாய், தார்ண்டைக்குக்குப் பூனை, கோலருக்குச் சிம்பன்சி, ஸ்கின்னருக்கு எலி என்று ஒரு விலங்குக் காட்சிசாலையே அவர் நாக்கு நுனியில் இருக்கிறது. அந்த நூலை வாங்கிப் புரட்டிப் பார்த்தேன். யார் எந்தக் கோட்பாட்டைச் சொன்னார், எந்த நிலை எந்த வயதுக்கு உரியது, எந்த நூல் எந்த ஆண்டில் வந்தது என்பவைதான் அதில் மீண்டும் மீண்டும் வந்தன. பலகையின் முன் திகைத்து நிற்கும் ஆறு வயதுக் குழந்தையை அந்த முந்நூறு பக்கங்களில் நான் எங்கும் சந்திக்கவில்லை.

இத்தனைக்கும், தகுதித் தேர்வுக்காகத் தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம் 2011 பிப்ரவரியில் வெளியிட்ட நெறிமுறைகள், இந்தப் பகுதி 6 முதல் 11 வயதுக் குழந்தைகளின் கற்றல் கற்பித்தல் சார்ந்த உளவியலில் கவனம் செலுத்த வேண்டும் என்றே கூறுகின்றன. ஆக, நோக்கத்தில் பிழை இல்லை. அது வினாவாக மாறும்போது பெயர்களின் பட்டியலாகச் சுருங்கிவிடுகிறது என்பதே என் குறை.

உளவியல் ஒன்றாம் வகுப்பில் எங்கே இருக்கிறது என்பதற்கு ஓர் எழுத்தைக் காட்டுகிறேன். ‘கொடி’ என்று சொல்லச் சொன்னால் எந்தக் குழந்தையும் சொல்லிவிடும். எழுதச் சொன்னால் ‘கெடி’ என்றோ ‘காடி’ என்றோ எழுதும். சில குழந்தைகள் முதலில் ககரத்தைப் போட்டுவிட்டு, பிறகு கொம்புக்கு இடமில்லாமல் விழிக்கும். இதைக் கவனக்குறைவு என்று எண்ணிப் பத்து முறை எழுதச் சொல்வதுதான் வழக்கம். நானும் பல ஆண்டுகள் அதைத்தான் செய்தேன். ஆனால் குழந்தையின் நிலையில் நின்று பார்த்தால் கதை வேறு. காதில் முதலில் விழுவது மெய்யொலி. அதன் பின்னரே உயிரொலி. கையோ உயிரொலிக்குரிய ஒற்றைக் கொம்பை முதலில் போட்டு, அடுத்து மெய்யை எழுதி, மூன்றாவதாகத் துணைக்காலை இழுக்க வேண்டியிருக்கிறது. காது கேட்கும் வரிசையும் கை எழுதும் வரிசையும் ஒன்றுக்கொன்று மாறி நிற்கின்றன. இந்த மூன்று துண்டுகளையும் மனத்தில் பிடித்துக்கொண்டு, அடுத்து வரும் ‘டி’யையும் மறக்காமல் வைத்திருக்க வேண்டும். ஒரே நேரத்தில் மனத்தில் ஏந்தி வேலை செய்யக்கூடியவற்றின் எண்ணிக்கை வளர்ந்தவர்களுக்கே ஏழை ஒட்டித்தான் இருக்கும் என்று ஜார்ஜ் மில்லர் 1956இல் எழுதினார். அதுவும் மிகை, நான்கைச் சுற்றித்தான் என்று பிற்கால ஆய்வாளர்கள் குறைத்தார்கள். ஆறு வயதுக் குழந்தைக்கு அது இன்னும் சிறிய பாத்திரம். நாமோ அதில் படி நிறைய ஊற்றிவிட்டு, வழிந்ததற்காகக் குழந்தையைத் திட்டுகிறோம்.

இது புரிந்த பிறகு நான் செய்தது பெரிய காரியம் ஒன்றும் இல்லை. பழைய அட்டைப் பெட்டியை வெட்டி ஒற்றைக் கொம்பு, இரட்டைக் கொம்பு, துணைக்கால் ஆகியவற்றைத் தனித்தனித் துண்டுகளாகச் செய்தேன். குழந்தை முதலில் ‘க’ அட்டையை வைக்கும்; அது காதின் வரிசை. பிறகு ஒலியைச் சொல்லிக்கொண்டே முன்னால் கொம்பையும் பின்னால் காலையும் கொண்டுவந்து சேர்க்கும். துண்டுகள் கண்முன் இருப்பதால் மனத்தில் சுமக்க வேண்டியதில்லை. ‘டி’யை நான் எழுதி வைத்துவிடுவேன். ஒரு வாரம் கழித்து அட்டைகளை எடுத்துவிட்டால் பெரும்பாலான குழந்தைகள் தடுமாறாமல் எழுதின. தமிழில் 216 உயிர்மெய்கள் இருக்கின்றன என்று நாம் பெருமையாகச் சொல்கிறோம். அவற்றுள் ஒகர, ஓகார, ஔகார வரிசைகள் மூன்றும் குழந்தையின் எழுத்தை இரு பக்கமும் நெருக்குகின்றன என்பதை எந்தப் பயிற்சியிலும் எனக்கு யாரும் சொன்னதில்லை. ‘கௌ’ என்பதைக் ‘கெள’ என்று படிக்கும் குழந்தையைச் சிரிக்காமல் திருத்துவதற்கும் இந்த அறிவு வேண்டும். அச்சில் இரண்டுக்கும் வேறுபாடு கண்டுபிடிக்க எனக்கே கண்ணாடி தேவைப்படுகிறது.

வாசிப்பிலும் இப்படி ஒன்று உண்டு. ‘கடல்’ என்பதன் ககரமும் ‘தங்கம்’ என்பதன் ககரமும் ஒரே எழுத்து, வேறு ஒலி. “டீச்சர், ரெண்டும் ஒரே ‘க’வா?” என்று கேட்ட சிறுவனுக்கு, “கேள்வி கேட்காமல் படி” என்று பதில் சொல்லிவிட்டு, அன்று மாலை வீட்டுக்குப் போகும் வழியில்தான் அவன் எவ்வளவு கூர்மையாகக் கேட்டிருக்கிறான் என்பது எனக்கு உறைத்தது.

கணக்கில் இதைவிடத் தெளிவான சான்று இருக்கிறது. 52இலிருந்து 27ஐக் கழிக்கச் சொன்னால் 35 என்று எழுதும் குழந்தை எல்லா வகுப்பிலும் உண்டு. இது தற்செயல் பிழை அல்ல. “பெரிய எண்ணிலிருந்து சிறிய எண்ணைக் கழிக்க வேண்டும்” என்று நாமே சொல்லிக் கொடுத்த விதியை அந்தக் குழந்தை ஒவ்வொரு இலக்க வரிசைக்கும் விசுவாசமாகப் பின்பற்றி, 7இலிருந்து 2ஐக் கழித்திருக்கிறது. கழித்தலில் குழந்தைகள் செய்யும் பிழைகள் பெரும்பாலும் இப்படி ஒரு விதியின் வழியே வருபவை என்று அமெரிக்காவின் பிரவுன், பர்ட்டன் ஆகிய ஆய்வாளர்கள் 1978இலேயே எழுதியிருக்கிறார்கள். பத்துக் கணக்குகளுக்கும் சிவப்பு மையில் பெருக்கல் குறி போட்டுத் தரும் ஆசிரியர் பத்துப் பிழைகளைப் பார்க்கிறார். உண்மையில் அங்கே இருப்பது ஒரே பிழை. “இதை எப்படிப் போட்டாய், சொல்லு” என்று பக்கத்தில் உட்கார்ந்து கேட்டால் இரண்டு நிமிடத்தில் அது வெளியே வந்துவிடும். ஈர்க்குச்சிகளைப் பத்துப் பத்தாகக் கட்டி, ஒரு கட்டை அவிழ்த்துக் காட்டினால் சரியாகியும் விடும். “கடன் வாங்குதல்” என்று நாம் சொல்லும் சொல்லே குழப்புகிறது என்பதையும் ஒரு மூன்றாம் வகுப்புச் சிறுமியிடம்தான் கற்றேன். “வாங்கின கடனை எப்போ டீச்சர் திருப்பிக் கொடுக்கணும்?” என்று அவள் கேட்டாள், நான் அதன் பிறகு ‘கட்டை அவிழ்த்தல்’ என்றே சொல்லத் தொடங்கினேன்.

நம் மொழியின் எண்ணுப் பெயர்களும் குழந்தையின் மனத்தில் வேலை செய்கின்றன. பதின்மூன்று, இருபத்து மூன்று என்னும் சொற்களுக்குள்ளேயே பத்தும் மூன்றும் இருப்பதால், இடமதிப்பைச் சொல்லித் தரத் தமிழ் பெரிய துணை. ஆங்கில வழிப் பிரிவில் ‘தர்ட்டீன்’, ‘தர்ட்டி’ என்று காதில் விழுவதை வைத்து 13க்கும் 30க்கும் இடையே தடுமாறும் குழந்தைக்கு இந்தத் துணை கிடைப்பதில்லை. அங்கே ஒரு முறை தமிழில் சொல்லிக் காட்டினால் குடி முழுகிப் போகாது. அதே நேரம், தொண்ணூறு, தொள்ளாயிரம் என்னும் இரண்டு சொற்களும் நம் பக்கத்துப் பள்ளங்கள். தொள்ளாயிரத்து ஐந்தை 9005 என்று எழுதும் குழந்தை, ஆயிரம் என்று காதில் கேட்டதை நம்பித்தான் எழுதுகிறது.

அடுத்தது வினா கேட்பது. மேரி பட் ரோ என்னும் அமெரிக்க அறிவியல் கல்வி ஆய்வாளர் 1970களில் தொடக்க வகுப்புகளின் ஒலிப்பதிவுகளைக் கேட்டு, ஆசிரியர் ஒரு வினாவைக் கேட்டுவிட்டு விடைக்காகக் காத்திருக்கும் நேரம் சராசரியாக ஒரு விநாடி அளவில்தான் இருக்கிறது என்று கண்டார். அதை மூன்று விநாடிகளுக்கு நீட்டியபோது விடைகள் நீண்டன, வழக்கமாக வாய் திறக்காத குழந்தைகளும் பேசின, “தெரியாது” என்பது குறைந்தது. இதைப் படித்த மறுநாள் நானும் மனத்துக்குள் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணிக்கொண்டு காத்திருந்தேன். மூன்று விநாடி என்பது வகுப்பில் எவ்வளவு நீளம் என்பது நின்று பார்த்தவர்களுக்கே தெரியும். அதுவும் பார்வையாளராக அதிகாரி ஒருவர் பின்னால் அமர்ந்திருந்தால் அந்த அமைதி நம் திறமையின்மை போலவே தோன்றும். எனவேதான் “புரிந்ததா?” என்று கேட்டு, “புரிந்தது டீச்சர்” என்ற கூட்டொலியைப் பெற்றுக்கொண்டு அடுத்த பக்கத்துக்குப் போய்விடுகிறோம். அந்தக் கூட்டொலியில் யாருக்கு என்ன புரிந்தது என்பது கடவுளுக்கே வெளிச்சம்.

மறதியைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஜெர்மனியின் எப்பிங்ஹவுஸ் பொருளற்ற அசைகளைத் தாமே மனப்பாடம் செய்து, எவ்வளவு விரைவாக மறக்கிறோம் என்பதை அளந்து 1885இல் வெளியிட்டார். வழிகாட்டி நூலில் அவர் பெயர் இருக்கிறது. ஆனால் வகுப்புக்குப் பயன்படக்கூடியது அதன் தொடர்ச்சி. ரோடிகர், கார்ப்பிக்கி ஆகிய இருவர் 2006இல் வெளியிட்ட ஆய்வில், பாடத்தைத் திரும்பத் திரும்பப் படித்த மாணவர்கள் ஐந்து நிமிடம் கழித்து நன்றாகச் சொன்னார்கள். ஒரு வாரம் கழித்தோ, படித்ததைப் புத்தகத்தைப் பார்க்காமல் நினைவிலிருந்து எடுத்துச் சொல்லிப் பார்த்தவர்களே முந்தினார்கள். அது கல்லூரி மாணவர்களிடம் நடந்த சோதனை என்பதை மறைக்க விரும்பவில்லை. ஆயினும் காலை வகுப்பின் முதல் பத்து நிமிடத்தில் புத்தகத்தைத் திறக்காமல், நேற்றுப் படித்ததில் ஒன்று, போன வாரம் படித்ததில் ஒன்று, போன மாதம் படித்ததில் ஒன்று என்று மூன்றை மட்டும் சிலேட்டில் எழுதச் சொல்லி வந்த என் பதினோரு ஆண்டு அனுபவம் அதோடு ஒத்துப்போகிறது. மதிப்பெண் கிடையாது, பதிவேடு கிடையாது, தவறாக எழுதினால் எச்சில் தொட்டு அழித்துவிடலாம். அந்த அழிக்கும் உரிமைதான் முக்கியம் என்று நினைக்கிறேன். அச்சம் இருக்கும் இடத்தில் நினைவு சரியாக வேலை செய்யாது. கல்வி உரிமைச் சட்டத்தின் 17ஆவது பிரிவு உடலை வருத்தும் தண்டனையோடு மன உளைச்சல் தருவதையும் சேர்த்துத் தடை செய்திருப்பது கருணைக்காக மட்டும் அன்று என்பதை ஆசிரியர்கள் அறிய வேண்டும்.

எதிர்பார்ப்பைப் பற்றி ஒரு சொல். அடிப்படை எழுத்தறிவுக்கும் எண்ணறிவுக்குமான தமிழக அரசின் எண்ணும் எழுத்தும் திட்டம் 2022இல் வந்தபோது, குழந்தைகளை அரும்பு, மொட்டு, மலர் என்று நிலை வாரியாகப் பிரித்து, அவரவர் நிலைக்கேற்பக் கற்பிக்கச் சொன்னது. மூன்றாம் வகுப்பில் உட்கார்ந்திருப்பதாலேயே ஒரு குழந்தைக்கு மூன்றாம் வகுப்புப் பாடம் புரியும் என்று நடிக்காமல் இருந்ததற்காக அத்திட்டத்தை நான் மனமாரப் பாராட்டுகிறேன். ஆனால் ஆசிரியர் அறையில் “அவன் அரும்புதான்” என்று ஒரு குழந்தையின் குணத்தைச் சொல்வதுபோல் சொல்லப்பட்டதையும் கேட்டிருக்கிறேன். ரோசந்தால், ஜேக்கப்சன் இருவரும் 1968இல் வெளியிட்ட ஆய்வு, ஆசிரியரின் உயர்ந்த எதிர்பார்ப்பே குழந்தையின் வளர்ச்சியைக் கூட்டக்கூடும் என்றது. அந்த ஆய்வின் அளவுகள் பற்றிப் பின்னர் கடும் விவாதம் எழுந்ததை நான் அறிவேன். விளைவு அவர்கள் சொன்ன அளவுக்கு இல்லை என்றே வைத்துக்கொள்வோம். அப்படியும், ஜூன் மாதத்தில் அரும்பு என்று குறித்த குழந்தையை ஆகஸ்டில் மறுபடி புதிதாகப் பார்க்கும் ஆசிரியருக்கும் பார்க்காத ஆசிரியருக்கும் உள்ள வேறுபாட்டை நான் நேரில் கண்டிருக்கிறேன்.

இங்கே ஓர் எச்சரிக்கையும் தேவை. உளவியல் என்ற பெயரில் வருவதெல்லாம் உளவியல் ஆகாது. பார்த்துக் கற்பவர், கேட்டுக் கற்பவர், செய்து கற்பவர் என்று குழந்தைகளை மூன்றாகப் பிரித்து, ஒவ்வொருவருக்கும் அவரவர் வழியில் கற்பிக்க வேண்டும் என்று நான் கலந்துகொண்ட பயிற்சிகளில் பலமுறை சொன்னார்கள். அப்படிக் கற்பித்தால் கற்றல் கூடுகிறது என்பதற்குப் போதிய சான்று இல்லை என்று பாஷ்லர் முதலிய உளவியலாளர்கள் 2008இல் ஆராய்ந்து சொல்லிவிட்டார்கள். அறுபது குழந்தைகளையும் ஐந்து வகுப்புகளையும் இரண்டே ஆசிரியர்கள் பார்க்கும் பள்ளியில் இதைச் செய்ய முடியாததற்காக நான் பட்ட குற்ற உணர்வுக்கு யார் பொறுப்பு?

பாடத்தைச் சிறு சிறு அட்டைகளாகப் பிரித்து, ஏணிப்படி என்னும் வரிசைப் படத்தின்படி குழந்தை தன் வேகத்தில் கற்கும் செயல்வழிக் கற்றலின் வரலாற்றை ஆசிரியர்கள் மறந்திருக்க மாட்டார்கள். ஆந்திரத்தின் ரிஷிவேலிப் பள்ளியின் முறையிலிருந்து கற்று, 2003இல் சென்னை மாநகராட்சிப் பள்ளிகளில் தொடங்கி, 2007-08இல் மாநிலமெங்கும் விரிந்த அந்த முறையில், ஆசிரியரின் முழு உதவியோடு கற்கும் குழு, பகுதி உதவியோடு கற்கும் குழு, சக மாணவரின் உதவியோடு கற்கும் குழு, தானாகக் கற்கும் குழு என்று படிப்படியாகக் கையை விடும் ஏற்பாடு இருந்தது. பிறர் உதவியோடு செய்வதைக் குழந்தை பிறகு தானாகவே செய்யும் என்ற ரஷ்ய உளவியலாளர் வைகாட்ஸ்கியின் பெயரை உச்சரிக்காமலேயே அவருடைய கருத்தின் சாரத்தை அது வகுப்பறைத் தரையில் உட்கார வைத்தது. குழந்தைகளின் உயரத்துக்குக் கரும்பலகை கீழே இறங்கியது. அவர்கள் வரைந்தவை கம்பிப் பந்தலில் தொங்கின. பிறகு என்ன ஆயிற்று? ஏன் இந்த அட்டைக்குப் பின் அந்த அட்டை என்பது விளக்கப்படாமல், அட்டை வரிசையாக எடுக்கப்படுகிறதா, ஏணிப்படி சுவரில் இருக்கிறதா, பதிவேடு எழுதப்பட்டிருக்கிறதா என்பது மட்டும் சோதிக்கப்பட்ட இடங்களில் அது சடங்காகிவிட்டது. காரணம் தெரியாமல் செய்யும் எந்த முறையும் சுற்றறிக்கை மாறும்போது சேர்ந்தே மாறிவிடும். இன்று அந்த அட்டைகள் பல பள்ளிகளில் பீரோவுக்கு மேல் இருக்கின்றன.

எனவே, இந்தத் தேர்வைத் தவிர்க்க முடியாது என்றால், அதன் 30 மதிப்பெண்ணையாவது பயனுள்ளதாக ஆக்குமாறு ஆசிரியர் தேர்வு வாரியத்தைத் தங்கள் நாளிதழ் வாயிலாகக் கேட்டுக்கொள்கிறேன். பெயர்களைப் பொருத்தச் சொல்லும் வினாக்கள் ஐந்தாறு இருந்துவிட்டுப் போகட்டும். மற்றவை வகுப்பில் நடப்பதைச் சொல்லி, அடுத்து என்ன செய்வீர்கள் என்று கேட்கட்டும். கொள்குறி வினாவாகவே இதைச் செய்ய முடியும். 52இலிருந்து 27ஐக் கழித்து 35 என்று எழுதிய குழந்தையின் நோட்டுப் பக்கத்தை அச்சிட்டு, “இக்குழந்தை பின்பற்றிய விதி எது?” என்று கேட்கலாம். ‘கொடி’யைக் ‘கெடி’ என்று எழுதிய குழந்தைக்கு அடுத்து எந்தப் பயிற்சி தருவது பொருத்தம் என்று நான்கு விடைகள் தரலாம். இத்தகைய வினாவுக்கு விடை எழுத இரவு பத்து மணிக்கு மேல் வழிகாட்டி நூல் தேவைப்படாது. அன்று பகலில் பார்த்த நோட்டுகள் போதும். பல ஆண்டுகள் கற்பித்தவரின் அனுபவத்துக்குத் தேர்வில் சற்றேனும் மதிப்புக் கிடைக்கவும் இது வழி செய்யும்.

மாநிலக் கல்வியியல் ஆராய்ச்சி மற்றும் பயிற்சி நிறுவனத்துக்கும் ஒரு வேண்டுகோள். அருகருகே உள்ள பள்ளிகளின் ஆசிரியர்கள் கூடும் குறுவள மையக் கூட்டங்களில் காணொளிகளைப் போட்டுக் காட்டும் நேரத்தில் பாதியைக் குறைத்து, ஒவ்வோர் ஆசிரியரும் தம் வகுப்பிலிருந்து ஒரு குழந்தையின் நோட்டைக் கொண்டுவந்து, அதிலுள்ள ஒரு பிழையைப் பற்றிப் பேசுமாறு ஏற்பாடு செய்யலாம். ஆசிரியர் பயிற்றுநர்களும் அமர்ந்து கேட்கட்டும். இதற்குப் படிவமும் செயலியில் பதிவேற்றமும் வேண்டாம் என்பதை அழுத்திச் சொல்கிறேன்; எமிஸ் என்னும் கல்வித் துறைத் தகவல் தளத்தில் ஏற்ற வேண்டும் என்று வந்துவிட்டால், அடுத்த மாதமே எல்லாப் பிழைகளும் ஒரே மாதிரி இருக்கும்.

போன வாரம் அந்த இளைய ஆசிரியை என் வீட்டுக்கு வந்திருந்தார். பியாஜேயின் மூன்றாம் நிலைக்கான வயதைக் கேட்டேன். ஏழிலிருந்து பதினொன்று என்று சரியாகச் சொன்னார். அவர் வகுப்பில் ‘ழ’வை ‘ள’ என்று சொல்லும் குழந்தைகள் எத்தனை பேர், அவர்கள் எழுதும்போதும் மாற்றுகிறார்களா என்று அடுத்துக் கேட்டேன். வழிகாட்டி நூலை மடித்துக் கீழே வைத்தார். ஒவ்வொரு குழந்தையாகப் பெயர் சொல்லி, யார் சொல்லும்போது மட்டும் மாற்றுகிறார்கள், யார் எழுதும்போதும் மாற்றுகிறார்கள், யாருக்கு வீட்டில் பாட்டியின் பேச்சு அப்படி இருக்கிறது என்று அரை மணி நேரம் பேசினார். தேர்வுக்கு இது வராதே என்று சொல்லிவிட்டு, மறுபடி நூலை எடுத்துக்கொண்டார்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற தொடக்கப் பள்ளித் தலைமையாசிரியை,
தஞ்சாவூர் மாவட்டம்.